தீர்ப்புக் கடனைத் தவணைகளில் செலுத்த நீதிமன்ற அனுமதி பெறுவது எப்படி?

பண வழக்கில் எதிராகத் தீர்ப்பு வந்தவர்களில் பலர், முழுத் தொகையையும் உடனே கட்ட வழியில்லை என்ற ஒரே காரணத்தால் நீதிமன்றத்தின் பக்கமே போகாமல் இருந்துவிடுகிறார்கள். அந்த மௌனத்தின் விலை அதிகம். வட்டி வளர்கிறது, செலவுத் தொகை கூடுகிறது, ஒருநாள் சம்பளத்தின் மீதோ வீட்டின் மீதோ ஜப்தி உத்தரவு வந்து சேர்கிறது. தீர்ப்புத் தொகையைத் தவணைகளாகப் பிரித்துச் செலுத்த அனுமதிக்கும் அதிகாரத்தை இந்தியாவின் உரிமையியல் நடைமுறைச் சட்டம், 1908 நீதிமன்றத்துக்கு வெளிப்படையாகவே அளித்திருக்கிறது. ஆனால் அந்த அனுமதியை எப்போது கேட்கிறோம் என்பதும், கட்டிய ஒவ்வொரு ரூபாயும் நீதிமன்றப் பதிவில் ஏறியிருக்கிறதா என்பதும்தான் முடிவைத் தீர்மானிக்கின்றன. இந்த இரண்டையும் முதன்முறையாக எதிர்கொள்பவர்களை மனத்தில் வைத்தே இக்கட்டுரை எழுதப்படுகிறது.

இங்கே சொல்லப்படுபவை, கைமாற்றுக் கடன், பிராமிசரி நோட்டு, பொருள் வாங்கிய பாக்கி போன்றவற்றுக்காக உரிமையியல் நீதிமன்றம் பிறப்பித்த பணத் தீர்ப்பாணைகளுக்கு (டிக்ரி) பொருந்தும். அடமானச் சொத்தை விற்கச் சொல்லும் தீர்ப்பாணை, காசோலை திரும்பிய குற்ற வழக்கு, ஜீவனாம்ச உத்தரவு, வங்கிகள் கடன் வசூல் தீர்ப்பாயத்தில் தொடுக்கும் வழக்கு ஆகியவற்றுக்குத் தனித்தனி விதிகள் உண்டு. மேலும், நடைமுறைச் சட்டத்தில் கட்டளைகள் (ஆர்டர்) எனப்படும் விதித் தொகுதிகளில் தம் எல்லைக்கெனத் திருத்தம் செய்யும் அதிகாரம் உயர் நீதிமன்றங்களுக்கு இருப்பதால், கீழே குறிப்பிடும் விதிகளுக்கு உங்கள் மாநிலத் திருத்தம் ஏதும் உள்ளதா என்று வழக்கறிஞரிடம் ஒருமுறை கேட்டுக்கொள்ளுங்கள்.

முதலில், வழக்கு எந்தக் கட்டத்தில் இருக்கிறது என்று பாருங்கள்

தவணை கேட்பதற்கான வழி கட்டத்துக்குக் கட்டம் மாறுகிறது. வழக்கு இன்னும் நடந்துகொண்டிருக்கிறதா, தீர்ப்பு வந்து முப்பது நாட்களுக்குள் இருக்கிறீர்களா, அல்லது எதிர்த்தரப்பு தீர்ப்பாணைப்படி பணத்தை வசூலித்துத் தரக் கோரும் நிறைவேற்று மனு போட்டு அதன் அறிவிப்பு உங்கள் கைக்கு வந்துவிட்டதா என்பதைப் பொறுத்தே சட்டம் உங்களுக்கு எவ்வளவு இடம் கொடுக்கிறது என்பது அமையும். வழக்கு எண், தீர்ப்புத் தேதி, தீர்ப்பாணைத் தொகை, வட்டி விகிதம், செலவுத் தொகை ஆகிய ஐந்து விவரங்களும் இல்லாமல் எந்த மனுவும் எழுத முடியாது. ஆகவே தீர்ப்பின் நகலோடு, பேச்சு வழக்கில் டிக்ரி என்று சொல்லப்படும் தீர்ப்பாணையின் சான்றிட்ட நகலுக்கும் சேர்த்தே விண்ணப்பியுங்கள். தீர்ப்பு காரணங்களைச் சொல்லும். யார், யாருக்கு, எவ்வளவு, எந்த வட்டியோடு கொடுக்க வேண்டும் என்பதைத் தீர்ப்பாணை சொல்லும். நிறைவேற்றப்படுவது பின்னதுதான்.

தீர்ப்பாணையில் வட்டியைக் கவனமாகப் படியுங்கள். தீர்ப்புக்குப் பிந்தைய வட்டி பொதுவாக ஆண்டுக்கு 6 சதவீதத்துக்கு மேல் போகக்கூடாது என்று நடைமுறைச் சட்டத்தின் பிரிவு 34 சொல்கிறது. கடன் வணிக நடவடிக்கையிலிருந்து வந்ததாக இருந்தால் ஒப்பந்த வட்டி வரை நீதிமன்றம் உயர்த்தலாம். தீர்ப்புக்குப் பிந்தைய வட்டியைப் பற்றித் தீர்ப்பாணை எதுவுமே சொல்லாமல் விட்டிருந்தால், நீதிமன்றம் அதை மறுத்துவிட்டதாகவே கொள்ள வேண்டும் என்பதும் அதே பிரிவில் இருக்கிறது. இல்லாத வட்டியை எதிர்த்தரப்பின் கணக்கில் பார்த்தும் கேள்வி கேட்காமல் கட்டிவிடுபவர்கள் உண்டு என்பதால் இதைச் சொல்கிறேன்.

தீர்ப்புக்கு முன்பே கேட்பது: இதுதான் நல்ல நேரம்

தவணை பற்றிய மைய விதி கட்டளை 20 விதி 11. அதன் முதல் உட்பிரிவின்படி, தீர்ப்பாணை பிறப்பிக்கும்போதே, தகுந்த காரணம் இருந்தால், பணத்தைப் பின்னொரு நாளில் கட்டவோ தவணைகளில் கட்டவோ நீதிமன்றம் உத்தரவிடலாம். வட்டியுடனோ வட்டியில்லாமலோ இவ்வாறு உத்தரவிடலாம் என்றும், கடன் பத்திரத்தில் வேறுவிதமாக எழுதியிருந்தாலும் இந்த அதிகாரத்தை அது தடுக்காது என்றும் விதி சொல்கிறது. இந்தக் கட்டத்தில் கடன் கொடுத்தவரின் சம்மதம் தேவையில்லை என்பதுதான் இதன் பெரிய பலம். அவருடைய தரப்பைக் கேட்ட பிறகு, அவர் மறுத்தாலும் நீதிமன்றம் தவணை கொடுக்கலாம்.

ஆனால் அந்த விதி இன்னொன்றையும் சொல்கிறது. தீர்ப்புக்கு முந்தைய கடைசி விசாரணையில் நேரிலோ வழக்கறிஞர் மூலமோ முன்னிலையானவர்களைக் கேட்ட பிறகே நீதிமன்றம் இந்த உத்தரவைப் பிறப்பிக்கும். சம்மன் வந்தும் போகாமல் இருந்து, ஒருதலைப்பட்சமாகத் தீர்ப்பு வாங்கிக்கொண்டவர் தனக்குக் கிடைத்திருக்கக்கூடிய மிக எளிய வாய்ப்பை அன்றே இழந்துவிடுகிறார். கடன் உண்மைதான், வாதாட ஒன்றும் இல்லை என்று தோன்றினாலும், நீதிமன்றத்துக்குப் போவதற்கு அதுவே முதல் காரணம். வழக்குக்கு நீங்கள் எழுத்தில் கொடுக்கும் பதிலான எதிருரையிலேயே, கடனை எந்த அளவுக்கு ஒப்புக்கொள்கிறீர்கள், எதை மறுக்கிறீர்கள், தீர்ப்பு எதிராக வந்தால் மாதம் எவ்வளவு கட்ட முடியும் என்பதைத் தெளிவாக எழுதித் தவணை கோருங்கள். வாதங்கள் முடியும் நாளில் வழக்கறிஞர் அதை மீண்டும் நினைவூட்டினால், தீர்ப்பு எழுதும் நீதிபதியின் முன் கோரிக்கையும் அதற்கான ஆதாரமும் ஒன்றாக இருக்கும்.

தகுந்த காரணம் என்பதைச் சட்டம் பட்டியலிட்டுக் கூறவில்லை. கடன் எந்தச் சூழலில் வாங்கப்பட்டது, அதற்குப் பிறகு கடனாளி எப்படி நடந்துகொண்டார், இதுவரை ஏதாவது கட்டியிருக்கிறாரா, இப்போதைய வருமானம் என்ன, சொல்லும் தவணையைக் கட்டும் எண்ணம் உண்மையானதா என்பவற்றை நீதிமன்றங்கள் பார்க்கின்றன. கஷ்டம் என்ற ஒரு சொல் போதாது. நேற்று வரை நிலத்தை மகன் பெயருக்கு மாற்றிக்கொண்டிருந்தவர் இன்று வந்து தவணை கேட்டால், அந்தப் பத்திரத்தை எதிர்த்தரப்பு எடுத்து வைக்கும்.

இரு தரப்பும் பேசி முடிக்க முடிந்தால், கட்டளை 23 விதி 3-இன் கீழ்ச் சமரச மனு தாக்கல் செய்து, தவணைகளையும் சேர்த்தே தீர்ப்பாணையாக்கிக்கொள்ளலாம். வட்டியைக் குறைப்பது, முதல் தொகையை முன்கூட்டிக் கொடுப்பது, கடைசித் தவணையைத் தள்ளுபடி செய்வது என்று நீதிமன்றம் தானாகக் கொடுக்க வாய்ப்பில்லாத சலுகைகளையும் இதில் எழுதிக்கொள்ள முடியும். மக்கள் நீதிமன்றத்திலும் இதையே செய்யலாம். நிறைவேற்றுக் கட்டத்தில் நிற்கும் வழக்கையும் அங்கே அனுப்பக் கேட்கலாம். அங்கே பிறப்பிக்கப்படும் தீர்வம், சட்டப்பணிகள் ஆணைக்குழுக்கள் சட்டம், 1987-இன் பிரிவு 21-இன்படி உரிமையியல் நீதிமன்றத் தீர்ப்பாணைக்குச் சமமானது. அதற்கு மேல்முறையீடு கிடையாது. ஆகவே கட்ட முடியாத தொகைக்கு அவசரத்தில் கையெழுத்திடாதீர்கள்.

தீர்ப்பு வந்த பிறகு: முப்பது நாட்கள்

தீர்ப்பாணை பிறப்பிக்கப்பட்டுவிட்டால், கட்டளை 20 விதி 11-இன் இரண்டாம் உட்பிரிவுக்கு வந்துவிடுகிறோம். இப்போதும் தவணை கேட்டு மனுப் போடலாம். ஆனால் தீர்ப்பாணை பெற்றவரின் சம்மதம் இருந்தால்தான் நீதிமன்றம் அதை அனுமதிக்க முடியும். வட்டி, சொத்தின் மீதான ஜப்தி, பிணை ஆகியவை பற்றி நிபந்தனை விதிக்கவும் செய்யலாம். இந்த மனுவுக்கான காலவரையறை, காலவரையறைச் சட்டம், 1963-இன் சரத்து 126-இன்படி, தீர்ப்பாணைத் தேதியிலிருந்து முப்பது நாட்கள். நகல் கிடைத்த பிறகு பார்த்துக்கொள்ளலாம் என்று காத்திருந்தால் இந்த நாட்கள் எளிதில் கரைந்துவிடும்.

சம்மதம் தேவைப்படும் கட்டத்தில், எதிர்த்தரப்பு ஏன் சம்மதிக்க வேண்டும் என்ற கேள்விக்கு உங்களிடம் பதில் இருக்க வேண்டும். அந்தப் பதில் சட்டத்திலேயே இருக்கிறது. சம்பளத்தை ஜப்தி செய்யும்போது, முதல் 1,000 ரூபாயும், மீதியில் மூன்றில் இரண்டு பங்கும் தொட முடியாதவை என்று பிரிவு 60 சொல்கிறது. விலக்கு அளிக்கப்பட்ட படிகளைக் கழித்து மாதச் சம்பளம் 31,000 ரூபாய் என்று வைத்துக்கொண்டால், 30,000-இல் மூன்றில் ஒரு பங்கான 10,000 ரூபாயைத்தான் பிடிக்கலாம். அதுவும் ஒரே தீர்ப்பாணைக்காக மொத்தம் 24 மாதங்கள் பிடித்த பிறகு, அந்தத் தீர்ப்பாணையைப் பொறுத்தவரை அந்தச் சம்பளத்தை மீண்டும் தொட முடியாது. ஆக, சம்பள ஜப்தி வழியாக அவருக்குக் கிடைப்பது 2,40,000 ரூபாய். தீர்ப்பாணைத் தொகை 3,00,000 ரூபாயும் வட்டியும் என்றால், சம்பளத்தை மட்டும் நம்பி அவரால் முழுவதையும் வசூலிக்க முடியாது. மாதம் அதே 10,000 ரூபாயை முழுக் கடனும் தீரும்வரை நீங்களே கட்டுவதாக எழுதிக் கொடுத்தால், நிறைவேற்று மனுவின் அலைச்சலும் செலவும் இல்லாமல் அவருக்கு முழுப் பணமும் வருகிறது. பேச்சுவார்த்தைக்குப் போகுமுன் இந்தக் கணக்கை உங்கள் எண்களை வைத்துப் போட்டுப் பாருங்கள்; வெறும் வேண்டுகோளைவிட இது வலுவானது.

இதே பிரிவு வேறு சிலவற்றையும் ஜப்தியிலிருந்து காக்கிறது. உடுத்தும் துணி, சமையல் பாத்திரம், படுக்கை, கைவினைஞரின் கருவிகள், உழவுக் கருவிகளும் உழவு மாடுகளும், விவசாயியோ கூலித் தொழிலாளியோ குடியிருக்கும் அவருடைய வீடு, வருங்கால வைப்பு நிதி, அரசு ஓய்வூதியம், கடனாளியின் ஆயுள் காப்பீட்டுப் பணம் ஆகியவை அவற்றுள் சில. இந்தப் பாதுகாப்பை விட்டுக்கொடுப்பதாக நீங்கள் எழுதிக் கொடுத்தாலும் அந்த ஒப்பந்தம் செல்லாது. வீட்டுச் சாமான்களை எடுத்துப் போய்விடுவார்கள் என்ற பயத்தில் தாங்க முடியாத தவணைக்கு ஒப்புக்கொள்பவர்கள் இதைத் தெரிந்துகொள்ள வேண்டும் என்று மிகவும் விரும்புகிறேன்.

எவ்வளவு தவணை கேட்பது

மனுவில் எழுதும் எண்தான் மனுவின் உயிர். அதைக் கீழிருந்து கணக்கிடுங்கள். குடும்பத்துக்குள் வரும் எல்லா வருமானத்தையும் ஒரு பக்கமும், வாடகை, உணவு, மருந்து, பள்ளிக் கட்டணம், ஏற்கெனவே உள்ள கடன் தவணைகள் ஆகியவற்றை மறுபக்கமும் எழுதி, மிஞ்சுவதில் ஒரு சிறு பகுதியை எதிர்பாராத செலவுக்கு ஒதுக்கிவிட்டு மீதியைச் சொல்லுங்கள். மிகக் குறைவாகச் சொன்னால் நீதிமன்றம் நம்பாது. அதைவிட, வட்டி ஓடும் தீர்ப்பாணையில் குறைந்த தவணை உங்களையே சுற்றி வளைத்துவிடும். அசல் 3,00,000 ரூபாய்க்கு 6 சதவீத வட்டி என்றால் மாதத்துக்கு 1,500 ரூபாய் வட்டியாகவே போகிறது. மாதம் 10,000 கட்டினால் ஏறத்தாழ 33 மாதங்களில் கடன் தீரும். மாதம் 2,000 மட்டும் கட்டினால், முதல் மாதத்தில் அசல் குறைவது வெறும் 500 ரூபாய்தான். முழுவதும் தீர 23 ஆண்டுகள் ஆகும். எந்த நீதிமன்றமும் அப்படி ஒரு கால அளவை ஏற்காது. ஆகவே தவணைக் கோரிக்கையோடு, தவணைக் காலத்துக்கு வட்டியை நிறுத்தவோ குறைக்கவோ வேண்டும் என்பதையும் சேர்த்தே கேளுங்கள். தீர்ப்புக்கு முந்தைய கட்டத்தில் வட்டியில்லாத் தவணையைக் கொடுக்கும் அதிகாரம் நீதிமன்றத்துக்கு இருக்கிறது என்பதை மேலே பார்த்தோம்.

அதிகமாகச் சொல்வதிலும் ஆபத்து உண்டு. மாதம் 15,000 கட்ட முடியும் என்று பிரமாணப் பத்திரத்தில் எழுதிவிட்டு மூன்றாவது மாதம் நிறுத்தினால், கட்டுவதற்கு வசதி இருப்பதை நீங்களே ஒப்புக்கொண்டதாகிவிடும். கைது கோரும் மனுவில் எதிர்த்தரப்பு நிரூபிக்க வேண்டிய பாதியை நீங்களே நிரூபித்துக் கொடுத்ததுபோல் அது ஆகும்.

முடிந்தால் மனுவோடு ஒரு முன்தொகையைக் கட்ட முன்வாருங்கள். தொகை சிறியதாக இருந்தாலும், எண்ணம் உண்மையானது என்பதற்கு அதைவிட நல்ல சான்று இல்லை.

மனுவில் என்ன இருக்க வேண்டும்

வழக்கு எண், தரப்பினர் பெயர், தீர்ப்பாணைத் தேதி, தொகை, இதுவரை கட்டியது, மீதி ஆகியவற்றோடு தொடங்கி, உடனே முழுவதும் கட்ட முடியாததற்கான காரணத்தை நாட்களும் எண்களுமாகச் சொல்லுங்கள். வேலை போனது, மருத்துவமனைச் செலவு, பயிர் அழிந்தது, தொழில் நின்றது என்று எதுவாக இருந்தாலும் அதற்கான காகிதத்தை இணையுங்கள். சம்பளச் சீட்டு, ஆறு மாத வங்கிக் கணக்கு விவரம், மருத்துவ ரசீது, மற்ற கடன்களின் பாக்கிச் சான்று ஆகியவை பெரும்பாலும் போதும். சொந்தச் சொத்து இருந்தால் மறைக்காதீர்கள். கட்டளை 21 விதி 41-இன் கீழ் உங்கள் சொத்து விவரங்களைப் பிரமாணப் பத்திரமாகத் தாக்கல் செய்யும்படி நீதிமன்றம் உத்தரவிடலாம். அதை மீறினால் மூன்று மாதம் வரை சிவில் சிறைக்கு அனுப்பவும் அதிகாரம் உண்டு. மறைத்த சொத்து அன்று வெளியே வந்தால் தவணையும் போகும், நம்பிக்கையும் போகும்.

கோரிக்கைப் பகுதியில் நான்கு விஷயங்களைத் தனித்தனியாக எழுதுங்கள்: மாதத் தவணையின் தொகை, ஒவ்வொரு மாதமும் கட்ட வேண்டிய தேதி, பணம் எங்கே எப்படிக் கட்டப்படும் என்பது, தவணை ஒழுங்காக நடக்கும்வரை நிறைவேற்று நடவடிக்கையை நிறுத்திவைக்க வேண்டும் என்பது. தேதியைச் சம்பளம் வரும் நாளுக்கு ஐந்தாறு நாட்கள் பின்னால் வையுங்கள். ஒரு தவணை தவறினாலே மீதி முழுவதும் உடனே கட்ட வேண்டும் என்ற வாசகத்தை எதிர்த்தரப்பு கேட்பது வழக்கம். தொடர்ந்து இரண்டு தவணை தவறினால் என்று அதை மாற்றக் கேட்டுப் பாருங்கள். இந்த ஒரு சொல் மாற்றம் பின்னால் ஒரு குடும்பத்தையே காப்பாற்றக்கூடும்.

யாரையாவது பிணையாளராக நிறுத்தச் சொன்னால், அவரிடம் உண்மையைச் சொல்லிவிட்டு அழைத்து வாருங்கள். நீதிமன்றத்தில் பிணை எழுதிக் கொடுத்தவர் மீது, அவர் ஏற்றுக்கொண்ட அளவுக்கு, தீர்ப்பாணையை நேரடியாகவே நிறைவேற்றலாம் என்று பிரிவு 145 சொல்கிறது. தீர்ப்பாணை பலர் மீது கூட்டாகவும் தனித்தனியாகவும் இருந்தால், தவணை உத்தரவு எல்லோரையும் உள்ளடக்குகிறதா என்றும் பாருங்கள். இல்லையென்றால் உங்கள் சகோதரரின் வீட்டுக்கு ஜப்தி உத்தரவோடு நீதிமன்ற ஊழியரான அமீனா போகலாம்.

வழக்கறிஞருக்குக் கொடுக்கப் பணமில்லை என்பது மனுப் போடாமல் இருக்கக் காரணமாக வேண்டியதில்லை. பெண்கள், பட்டியல் சாதி மற்றும் பழங்குடியினர், மாற்றுத்திறனாளிகள், தொழிலாளர்கள், குறிப்பிட்ட வருமான வரம்புக்குக் கீழே உள்ளவர்கள் ஆகியோருக்கு இலவச வழக்கறிஞர் உதவி பெற உரிமை உண்டு. நீதிமன்ற வளாகத்திலுள்ள வட்ட சட்டப்பணிகள் குழுவிலோ மாவட்ட சட்டப்பணிகள் ஆணைக்குழுவிலோ விண்ணப்பிக்கலாம்; 15100 என்ற தேசிய உதவி எண்ணிலும் கேட்கலாம்.

நிறைவேற்று மனு வந்துவிட்டால்

இ.பி. என்று எல்லோரும் அழைக்கும் நிறைவேற்று மனுவின் அறிவிப்பு வீட்டுக்கு வரும்போதுதான் பலர் விழித்துக்கொள்கிறார்கள். அப்போதும் வழி முற்றிலும் அடைபடவில்லை, ஆனால் குறுகிவிட்டது. தீர்ப்பாணையில் உள்ளதை மாற்ற நிறைவேற்று நீதிமன்றத்துக்கு அதிகாரம் இல்லை. நிறைவேற்று மனுக்களை ஆறு மாதத்துக்குள் முடிக்க வேண்டும் என்று 2021-இல் ராகுல் எஸ். ஷா வழக்கில் உச்ச நீதிமன்றம் கூறியிருப்பதால், வாய்தா மேல் வாய்தா கிடைக்கும் என்ற எண்ணமும் கூடாது.

கைது செய்து சிறையில் வைக்கக் கோரும் மனுவாக இருந்தால், பதற்றப்படாமல் முதலில் ஒன்றைத் தெரிந்துகொள்ளுங்கள். பணம் கட்டவில்லை என்பதற்காக மட்டும் ஒருவரைச் சிறைக்கு அனுப்ப முடியாது. பிரிவு 51-இன்படி, காரணம் சொல்ல வாய்ப்புக் கொடுத்த பிறகு, கடனாளி தப்பியோடவோ சொத்தை மறைக்கவோ முயல்கிறார் என்றோ, கட்ட வசதி இருந்தும் மறுக்கிறார் அல்லது அலட்சியம் செய்கிறார் என்றோ, நம்பிக்கைப் பொறுப்பில் இருந்தவர் கணக்குக் கொடுக்க வேண்டிய பணம் அது என்றோ நீதிமன்றம் எழுத்தில் பதிவு செய்ய வேண்டும். ஜாலி ஜார்ஜ் வர்கீஸ் வழக்கில் 1980-இல் நீதிபதி வி.ஆர். கிருஷ்ண அய்யர் எழுதிய தீர்ப்பு, கெட்ட எண்ணம் ஏதுமில்லாத வறுமையைச் சிறையால் தண்டிப்பது அரசியலமைப்பின் 21-ஆம் பிரிவுக்கு முரணானது என்று உறுதியாகக் கூறியது. பெண்களைப் பணத் தீர்ப்பாணைக்காகக் கைது செய்யவே கூடாது. தொகை 2,000 ரூபாய்க்கு மேற்படாவிட்டால் சிறை இல்லை. 5,000 ரூபாய்க்கு மேல் என்றாலும் அதிகபட்சம் மூன்று மாதம்தான். அதே சமயம், சிறையிலிருந்து வெளியே வருவதால் கடன் தீர்ந்துவிடாது என்பதும் சட்டம்.

இந்த மனுவில் நடக்கும் வசதி விசாரணைதான் தவணை பேசுவதற்கான இடம். வக்கீல்கள் இதை மீன்ஸ் என்கொயரி என்பார்கள். அறிவிப்பில் சொன்ன நாளில் கட்டாயம் ஆஜராகி, வருமானம், செலவு பற்றிய காகிதங்களையும் ஒரு முன்தொகையையும் கையில் வைத்துக்கொண்டு, மீதியை எப்படிக் கட்டுவீர்கள் என்று எழுத்தில் கொடுங்கள். தீர்ப்பாணையைத் தீர்க்க வாய்ப்பளிப்பதற்காகப் பிணையின் பேரில் கடனாளியை விடுவிக்கும் அதிகாரம் கட்டளை 21 விதி 40-இல் இருக்கிறது. எதிர்த்தரப்பும் பணம் வந்தால் போதும் என்று பெரும்பாலும் இங்கே இறங்கி வருகிறது. ஆஜராகாமல் இருந்தால் மட்டும் பிடி ஆணை வருவதற்கு நீங்களே வழிவிட்டதாகிவிடும்.

சொத்து ஏலத்துக்கு வந்திருந்தால், அடமானம் வைத்தோ, குத்தகைக்கு விட்டோ, தனியாக விற்றோ பணம் திரட்ட அவகாசம் கேட்டு, கட்டளை 21 விதி 83-இன் கீழ் ஏலத்தைத் தள்ளிவைக்கக் கோரலாம். ஏலம் பெரும்பாலும் சந்தை மதிப்புக்குக் கீழேயே போவதால், ஒரு பகுதியை நீங்களே நல்ல விலைக்கு விற்றுக் கட்டுவது பல நேரங்களில் தவணையைவிடவும் மேல்.

கட்டும் பணத்தைப் பதிவில் ஏற்றுவது

உத்தரவு வாங்குவதோடு நிம்மதியாகிவிடாதீர்கள். தவணை வழக்குகளில் மிகுந்த துயரம் விளைவது பணம் கட்டாததால் அல்ல, கட்டியதற்குச் சான்று இல்லாததால்தான். கட்டளை 21 விதி 2, நீதிமன்றத்துக்கு வெளியே கொடுத்த பணம் முறைப்படி சான்றிடப்படாமலோ பதிவு செய்யப்படாமலோ இருந்தால் நிறைவேற்று நீதிமன்றம் அதை ஏற்றுக்கொள்ளாது என்று திட்டவட்டமாகச் சொல்கிறது. ரொக்கமாக நேரில் கொடுத்துவிட்டு, கைகுலுக்கிப் பிரிந்து, இரண்டு வருடம் கழித்து அதே பணத்துக்கு மீண்டும் நிறைவேற்று மனுவைச் சந்திப்பவர்கள் இந்த விதியைத் தெரியாதவர்கள்.

பணம் கட்ட மூன்று வழிகளை அதே கட்டளையின் விதி 1 காட்டுகிறது. நீதிமன்றத்திலேயே செலுத்துவது, தீர்ப்பாணை பெற்றவருக்கு மணியார்டர், வங்கி அல்லது எழுத்துச் சான்று கிடைக்கும் வேறு முறையில் நேரடியாகக் கொடுப்பது, நீதிமன்றம் சொல்லும் வேறு முறை ஆகியன அவை. நீதிமன்றத்தில் கட்டினால், கட்டிய தகவலை நீதிமன்றம் மூலமாகவோ ஒப்புகையுடன் கூடிய பதிவு அஞ்சலிலோ எதிர்த்தரப்புக்குத் தெரிவிக்க வேண்டும். அந்த அறிவிப்பு அவரைச் சேர்ந்த நாளிலிருந்துதான் அந்தத் தொகைக்கு வட்டி நிற்கிறது. நேரடியாக அனுப்பினால் செலுத்திய நாளிலேயே வட்டி நிற்கும். அவர் மணியார்டரையோ வங்கிப் பணத்தையோ வாங்க மறுத்தாலும், கொடுக்க முன்வந்த நாளிலிருந்தே வட்டி நின்றுவிடும். வீம்புக்காகப் பணத்தைத் திருப்பி அனுப்புபவரிடமிருந்து கடனாளியைக் காக்கும் ஏற்பாடு இது. மணியார்டரிலோ வங்கி வழியிலோ அனுப்பும்போது வழக்கு எண், தரப்பினர் பெயர், நிறைவேற்று மனு எண், அசலுக்கா வட்டிக்கா செலவுக்கா என்ற விவரம், உங்கள் பெயரும் முகவரியும் ஆகியவற்றைக் குறிப்பிடுங்கள்.

நேரடியாகக் கொடுத்த தொகையைப் பதிவு செய்யும்படி எதிர்த்தரப்பே நீதிமன்றத்துக்குச் சொல்ல வேண்டும். அவர் சொல்லாவிட்டால் நீங்கள் மனுப் போட வேண்டும். அதற்குக் காலவரையறை, காலவரையறைச் சட்டத்தின் சரத்து 125-இன்படி, பணம் கொடுத்த நாளிலிருந்து முப்பது நாட்கள். ஆகவே ஒவ்வொரு தவணைக்கும் ஒரு ரசீது, அந்த மாதத்துக்குள்ளேயே நீதிமன்றத்தில் அதைத் தெரிவிக்கும் ஒரு மெமோ (குறிப்பு) என்பதை வழக்கமாக்கிக்கொள்ளுங்கள். எதிர்த்தரப்போடு உறவு சரியில்லை என்றால் நீதிமன்றத்தில் கட்டுவதையே தேர்ந்தெடுங்கள். சலானின் உங்கள் பிரதியைத் தனிக் கோப்பில் வையுங்கள். ஒரு நோட்டில் தேதி, தொகை, கட்டிய முறை, மீதி ஆகியவற்றை எழுதிவந்தால், எதிர்த்தரப்பின் கணக்கோடு ஆண்டுக்கு ஒருமுறையாவது ஒப்பிட முடியும்.

தவணை தவறும் நிலை வந்தால்

தேதிக்கு முன்பே தெரிந்துவிட்டால், தேதிக்கு முன்பே மனுப் போடுங்கள். கையில் உள்ள பகுதியைக் கட்டி, மீதிக்கு எத்தனை நாள் வேண்டும் என்று சொல்லி, காரணத்துக்கான காகிதத்தை இணைத்துக் கேட்பவருக்கும், தேதி கடந்து, முழுத் தொகைக்கும் மனு வந்த பிறகு கேட்பவருக்கும் நீதிமன்றத்தில் கிடைக்கும் செவி ஒன்றல்ல. சமரசத் தீர்ப்பாணையாக இருந்தால் தேதியை மாற்ற எதிர்த்தரப்பின் சம்மதம் வேண்டியிருக்கும். அவரிடம் எழுத்தில் வாங்கி, அதையும் தாக்கல் செய்யுங்கள். வாய்வார்த்தையாக அடுத்த மாதம் சேர்த்துக் கொடுங்கள் என்று அவர் சொன்னது பதிவில் இருக்காது.

காலம் கடந்தால் கடன் செத்துவிடும் என்று எண்ணிக் காத்திருப்பதும் வீண். தீர்ப்பாணையை நிறைவேற்றப் பன்னிரண்டு ஆண்டுகள் உண்டு. தவணைத் தீர்ப்பாணையில், எந்தத் தவணையைக் கட்டாததற்காக நிறைவேற்றம் கோரப்படுகிறதோ, அந்தத் தவணை தவறிய நாளிலிருந்து அந்தப் பன்னிரண்டு ஆண்டுகள் ஓடத் தொடங்குகின்றன. கடனாளி இறந்தாலும், அவர் விட்டுச்சென்ற சொத்து வாரிசுகளின் கைக்கு வந்த அளவுக்கு அவர்கள் பொறுப்பாவார்கள்.

கடைசித் தவணைக்குப் பிறகு

கடைசித் தொகையைக் கட்டிய மாதத்திலேயே, தீர்ப்பாணை முழுமையாகத் தீர்ந்துவிட்டது என்று பதிவு செய்யக் கோரும் மெமோவையோ மனுவையோ தாக்கல் செய்து, நீதிமன்றம் அதைப் பதிவு செய்த உத்தரவின் சான்றிட்ட நகலை வாங்குங்கள். சொத்தின் மீது ஜப்தி இருந்தால் அதை நீக்கும் உத்தரவையும் தனியாகக் கேளுங்கள். அந்த உத்தரவு சார்பதிவாளர் அலுவலகத்துக்குச் சென்று சேர்ந்ததா என்று, சில வாரங்கள் கழித்து ஒரு வில்லங்கச் சான்று எடுத்துப் பாருங்கள். சம்பளத்தில் பிடித்தம் நடந்துகொண்டிருந்தால், நிறுத்தும் உத்தரவின் நகலைச் சம்பளம் வழங்கும் அலுவலரிடம் நேரில் கொடுத்து ஒப்புகை வாங்கிக்கொள்ளுங்கள். பிணையாக ஒப்படைத்த அசல் பத்திரங்களைத் திரும்பப் பெற அதே நீதிமன்றத்தில் மனுப் போட வேண்டும். பிணை கொடுத்தவருக்கும் அவர் விடுவிக்கப்பட்டதற்கான உத்தரவின் நகல் ஒன்றைக் கொடுத்துவிடுங்கள்.